பதினாலாம் நூற்றாண்டுக்கு ஒரு மினிபஸ்

மெல்பேணில் வாழ்ந்த தமிழர்களில் வரலாற்றுக்கு அதிக சேதம் விளைவித்தவர் யார் என்று கேட்டால், யோசிக்காமல் சொல்வேன்: இறங்குங்கோ அண்ணை. படையெடுத்து வந்த அரசர்கள்கூடக் கோட்டைகளைத்தான் இடித்தார்கள். இவர் நூற்றாண்டுகளையே தூக்கி இடம் மாற்றி வைத்தார்.

தாய் தகப்பன் வைத்த பெயர் ஒன்று அவருக்கு இருந்திருக்கத்தான் வேண்டும். அது எனக்குத் தெரியாது, என் கணவருக்கும் தெரியாது. நோபல் பார்க் என்ற புறநகரில் யாரோ வீட்டின் பின்னறையில் தனியே இருந்தார். திங்கள் முதல் சனி வரை கார் செய்யும் தொழிற்சாலையில் தகடு வெட்டும் இயந்திரத்தின் முன் நிற்பார். ஞாயிற்றுக்கிழமை வந்தால், ஒரு கிரேக்க நண்பரிடம் இரவல் வாங்கிய பழைய மினிபஸ்ஸில் எங்கள் ஆட்களை ஏற்றிக்கொண்டு நாடு காட்டப் புறப்பட்டுவிடுவார். அப்போது இங்கே தமிழ்க் குடும்பங்களே குறைவு, கார் வைத்திருந்தவர்கள் அதிலும் குறைவு. நாடு பார்க்க வேண்டுமென்றால் அவரைவிட்டால் கதி இல்லை. வழியில் ஒரு மாடு அழகாகப் படுத்திருந்தாலும் பஸ்ஸை நிறுத்தி, "எல்லாரும் இறங்குங்கோ! படி கவனம்!" என்பார். அந்தப் பெயர் அப்படி வந்தது.

குளிர்காலம் முடியும் நேரத்தில் ஒருநாள் எங்கள் பிளாட்டுக்கு வந்து, கதிரையில் உட்காராமலே அறிவித்தார்.

"பிள்ளை, வாற ஞாயிறு மத்தியகாலக் கிராமங்கள். ஒரே நாளிலை மூண்டு!"

நான் பல்கலைக்கழகத்தில் வரலாறு படித்தவள்.

"மத்தியகாலமோ? அது ஐரோப்பாவிலையெல்லோ அண்ணை?"

"இஞ்சையும் இருக்கு."

"இந்த நாட்டுக்கு வெள்ளைக்காரர் வந்தே இன்னும் இருநூறு வருஷம் ஆகேல்லை."

"நீர் புத்தகத்திலை படிச்சனீர் பிள்ளை. நான் கண்ணாலை கண்டனான். கல்லுச் சுவர், இவ்வளவு மொத்தம்!" என்று இரண்டு கைகளையும் விரித்தார். அந்த மொத்தத்தில் சுவர் எழுப்பினால் உள்ளே ஆள் இருக்க இடம் மிஞ்சாது.

மறுத்திருப்பேன். ஆனால் என் கணவர், "போவம். பிள்ளைக்கும் ஒரு மாற்றமாயிருக்கும்" என்றார். பிள்ளைக்கு நல்லது என்று யாராவது சொன்னால் நான் எதற்கும் சம்மதித்துவிடுவேன். பிறகு சம்மதித்தது சரியா என்று விடியும்வரை புரள்வேன்.

பிள்ளையைப் பற்றிச் சொல்ல வேண்டும். எங்கள் நந்தனுக்கு மூன்று வயது நெருங்கியும் வாயிலிருந்து ஒரு சொல் வரவில்லை. அம்மா என்றுகூடச் சொன்னதில்லை. வேண்டியதைக் கையால் காட்டுவான். காட்டியும் கிடைக்காவிட்டால் சுவரைப் பார்த்துக்கொண்டு நிற்பான். குழந்தைநல நிலையத்து சிஸ்டர் அவனைத் தூக்கிப் பார்த்து, நிறுத்துப் பார்த்து, கடைசியில் என்னைப் பார்த்து, வீட்டில் என்ன மொழி பேசுகிறீர்கள் என்று கேட்டார். இரண்டு மொழி கேட்டால் பிள்ளை குழம்பிப்போகும், இனி ஆங்கிலம் மட்டும் பேசுங்கள் என்றார். அதற்கும் பேசாவிட்டால் ஆஸ்பத்திரியில் பெரிய டொக்டரிடம் காட்ட வேண்டும் என்றார். அதற்கும் பேசவில்லை. மத்தியகாலத்துக்குப் போகும் ஞாயிற்றுக்கு அடுத்த செவ்வாய்தான் அந்தப் பெரிய டொக்டரைப் பார்க்கும் நாள்.

நான் சொன்ன சொல் கேட்டு வளர்ந்தவள். சிஸ்டர் சொன்ன அன்றே எங்கள் குசினியில் ஆங்கில ஆட்சி ஏற்பட்டது. பரீட்சைக்கு எழுதுகிற ஆங்கிலம் எனக்கு நன்றாகவே வரும். அதில் பிள்ளையைக் கொஞ்ச எனக்கு யாரும் பாடம் எடுத்திருக்கவில்லை. குஞ்சு, செல்லம், என்ரை ராசா எல்லாவற்றுக்கும் பதிலாக 'டார்லிங்' என்ற ஒற்றைச் சொல்லை வைத்துக்கொண்டு மாரடித்தேன். இவர் புட்டுக்குச் சம்பல் வேண்டுமென்றால், "குட் யூ பிளீஸ் பாஸ் த சம்பல்?" என்று கேட்பார். ஏதோ தூதரக விருந்தில் இருப்பதுபோல் இருக்கும். சண்டை பிடிப்பது இன்னும் கஷ்டம். வாக்கியத்தைச் சரிபார்த்து முடிப்பதற்குள் கோபம் ஆறிவிடும். வீடு நாளுக்கு நாள் அமைதியாகிக்கொண்டு வந்தது. எல்லாரிலும் அமைதி நந்தன்தான்.

ஞாயிறு காலை பஸ் வந்தது. பால் போத்தல், மாற்று உடுப்பு, காய்ச்சல் மருந்து, காய்ச்சல் மருந்து ஒத்துக்கொள்ளாவிட்டால் கொடுக்க இன்னொரு மருந்து எல்லாவற்றுடனும் ஏறினேன். ஏறியதும் அந்தப் பொருளைக் கண்டேன். கைப்பிடி வைத்த, வாயில் பிடித்துக் கத்துகிற ஒலிபெருக்கி. ஏதோ காற்பந்து மைதானத்தில் கழித்துவிட்டதாம். நாங்கள் எல்லாரும் முழங்கால் முட்ட உட்கார்ந்திருக்கிற சின்ன மினிபஸ். பின்சீட்டில் ஒருவர் கொட்டாவி விட்டால் முன்சீட்டில் கேட்கும். அதற்குள் ஒலிபெருக்கி!

அதன் சுவிட்சில் ஸ்பிரிங் உடைந்திருந்ததால், அழுத்தியபடியே இருக்கும்படி பிளாஸ்டர் ஒட்டி வைத்திருந்தார். ஆகவே அவர் பேசியது மட்டும்தான் எங்களுக்குக் கேட்டது என்று நினைக்காதீர்கள். இருமியது, பெருமூச்சு விட்டது, லொறியை முந்தும்போது "முருகா" என்றது, பருத்தித்துறை வடையைக் கடித்தது, கடித்ததை மென்றது எல்லாம் ஒலிபரப்பாயின. ஒரு கையில் ஸ்டியரிங், மறு கையில் ஒலிபெருக்கி. கியர் மாற்ற வேண்டி வந்தால் ஒலிபெருக்கியை முழங்கால்களுக்கு நடுவே இடுக்குவார். அப்போது எஞ்சின் சத்தம் எங்களுக்கு இரண்டு மடங்காகக் கேட்கும்.

நெடுஞ்சாலைக்கு வந்ததும் தைரியத்தை வரவழைத்துக்கொண்டு கேட்டேன்.

"அண்ணை, குறை நினையாதேங்கோ. பிள்ளைக்கு முன்னாலை இங்கிலீஷிலை கதைச்சா நல்லது. சிஸ்டர் சொன்னவ."

"அதுக்கென்ன பிள்ளை!" என்றவர் தொண்டையைச் செருமினார். அதுவும் ஒலிபரப்பானது. "லேடீஸ் அண்ட் ஜென்டில்மென்! லெஃப்ட் சைட், ஷீப். ரைட் சைட்..." கழுத்தை நீட்டி வலப்பக்கம் பார்த்தார். "ஆல்சோ ஷீப்."

அவருடைய ஆங்கிலம் ஆடுகளோடு முடிந்தது. அடுத்த வளைவிலேயே, "உங்கை பாருங்கோ, உந்த மலைக்குப் பின்னாலைதான் ராசாக்கள் இருந்தவை" என்று தமிழுக்குத் திரும்பிவிட்டார். செவ்வாய்க்கிழமை பெரிய டொக்டர் கேட்டால் என்ன சொல்வேன்? ஞாயிறு முழுவதும் பிள்ளைக்கு ஒலிபெருக்கியில் தமிழ் ஊட்டினோம் என்றா? நந்தனின் காதுகளைச் சால்வையால் மூடினேன். அவன் சால்வையைத் தள்ளிவிட்டு, அந்த ஒலிபெருக்கியின் அகன்ற வாயையே பார்த்துக்கொண்டிருந்தான்.

போதாதற்குப் பக்கத்துச் சீட்டில் டொக்டர் அன்ரி. டொக்டர் அவருடைய கணவர். அன்ரிக்குத் தெரிந்த ஒரே நோய் அந்தக் கணவரின் இரத்த அழுத்தம். ஆனாலும் ஆலோசனை சொல்லத் தயங்கமாட்டார்.

"உன்ரை பிள்ளைக்கு நாக்குக்குக் கீழை கட்டிருக்குமடி. பாத்தனியோ?"

பார்த்திருந்தேன். ஆனாலும் பஸ் நின்ற இடமெல்லாம் திரும்பவும் பார்த்தேன்.

முதலாவது மத்தியகாலக் கிராமம், தங்கம் தோண்டிய காலத்தில் உண்டாகி, தங்கம் தீர்ந்ததும் ஆட்கள் போய்விட்ட ஒரு சிறிய ஊர். "எல்லாரும் இறங்குங்கோ! படி கவனம்!" இறங்கினோம். கல்லால் கட்டிய ஒரு கட்டடத்தின் முன் நின்று கையை நீட்டினார்.

"பதினாலாம் நூற்றாண்டுத் தபால் கந்தோர்!"

"பதினாலாம் நூற்றாண்டிலை ஏது அண்ணை தபால் கந்தோர்?"

"அப்ப ராசாமார் ஓலை அனுப்பாமலோ ஆண்டவை?"

எதிரே தேநீர்க் கடை வைத்திருந்த அம்மையார், கறுத்த மனிதர்கள் இவ்வளவு பேர் தன் தபால் கந்தோரை உற்றுப் பார்ப்பதைக் கண்டு வெளியே வந்தார். தன் தாத்தாதான் அதைக் கட்டிய மேசன் என்று பெருமையாகச் சொன்னார். எங்கள் எல்லாருக்கும் ஆங்கிலம் தெரியும். இருந்தும் அண்ணை மொழிபெயர்த்தார்:

"ஆர் கட்டினதெண்டு ஒருத்தருக்கும் தெரியாதாம். அவ்வளவு பழசாம்!"

டொக்டர் அங்கிள் பயபக்தியோடு சுவரைத் தடவிப் பார்த்தார். துணைக்கு என் கணவரைத் தேடினேன். இவர் கமராவும் கையுமாக நின்றார்.

"இதை என்னத்துக்குப் படம் எடுக்கிறியள்?"

"பதினாலாம் நூற்றாண்டெல்லோ" என்றார், சிரிக்காமல்.

இரண்டாவது கிராமம் ஒரு புகைபோக்கி. வெட்டவெளியில், புல்லுக்கு நடுவே, செங்கல் புகைபோக்கி மட்டும் தனியே நின்றது.

"கிராமம் எங்கை அண்ணை?"

"அழிஞ்சு போச்சு பிள்ளை. அதுதானே மத்தியகாலம்."

அந்தக் காற்றில் பாயை விரித்துப் புட்டும் கத்தரிக்காய்க் குழம்பும் சாப்பிட்டோம். சாப்பிடும்போதும் ஒலிபெருக்கி அவர் மடியில் இருந்தது. எனக்குப் பொறுக்கவில்லை.

"களைக்காதோ அண்ணை? சாப்பிடுற நேரமாவது வாய்க்கு ஓய்வு குடுங்கோவன்."

அவர் கோபிக்கவில்லை. "கிழமையிலை ஆறு நாள் காதிலை பஞ்சை அடைச்சுக்கொண்டு நிக்கிறன் பிள்ளை. அந்த மெசின் சத்தத்துக்குள்ளை நான் கதைச்சாலும் ஆருக்கும் கேளாது. அறைக்கு வந்தா, கேக்கிறதுக்கு ஆளில்லை" என்றார். பிறகு, "கொஞ்சம் குழம்பு விடும்" என்றார்.

எனக்கு ஒரு மாதிரி ஆகிவிட்டது. குழம்பு விட்டேன். மனிதர் என்னை இப்படி ஒரு மாதிரி ஆக்கிவிட்டாரே என்று அதற்கும் சேர்த்து எரிச்சல் வந்தது.

மூன்றாவது கிராமம் உண்மையிலேயே மத்தியகாலம்போல இருந்தது. கோட்டைகளில் பைத்தியம் பிடித்த ஒரு பணக்கார விவசாயி அதை அண்மையில்தான் கட்டி முடித்திருந்தார். பக்கத்தில் போனால் சீமெந்து மணத்தது. வைக்கோல் கூரை வீடுகள், சுற்றிவரப் பாசி படர்ந்த அகழி, அதன்மேல் மரப் பாலம். தகரக் கவசம் போட்ட வீரர் ஒருவர் வாயிலோரம் நின்று சிகரெட் பிடித்தார்.

"நான் சொல்லேல்லையோ!" என்று என்னைப் பார்த்து ஒலிபரப்பினார் அண்ணை.

உடனே வாயிலிலிருந்து நீண்ட கவுன் அணிந்த பெண் ஒருத்தி ஓடி வந்தாள். உள்ளே குதிரைகள் நிற்கின்றன, அந்தச் சத்தத்துக்கு மிரளும், ஒலிபெருக்கியை உள்ளே கொண்டுவரக் கூடாது என்றாள். அண்ணையின் முகம் சுருங்கிவிட்டது. பஸ்ஸுக்குத் திரும்பிப் போய், அதைச் சாரதி சீட்டில் வைத்து, குளிருமோ என்று நினைத்தவர்போலத் தன் ஸ்வெற்றரால் போர்த்திவிட்டு வந்தார். பஸ்ஸின் கதவு சரியாகப் பூட்டாது. கயிற்றால் கட்டிவிட்டு வந்தார். எனக்கு அப்போதுதான் மூச்சு வந்தது.

உள்ளே போய்க் கொஞ்ச நேரத்தில், கூரான வளைவு வைத்த கதவும் உச்சியில் மணியும் உள்ள சிறிய கல் கட்டடம் ஒன்று வந்தது.

"கோயில்! எல்லாரும் சப்பாத்தைக் கழட்டுங்கோ!"

கோயில் என்று சொன்னபின் எந்தத் தமிழர் சப்பாத்தோடு நிற்பார்? ஈரப் புல்லில் எல்லாரும் கழற்றினோம். நானும்தான். எங்களுக்குப் பின்னால் வந்த ஒரு வெள்ளைக்காரக் குடும்பம் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டது. அவர்களும் குனிந்து கழற்றினார்கள். அவர்களுக்குப் பின்னால் வந்தவர்களும் கழற்றினார்கள். வாசலில் எங்கள் ஊர்த் திருவிழாபோலச் சப்பாத்துகள் குவிந்தன.

கதவைத் திறந்தால், உள்ளே ஒரு மரக்குற்றி. அதன்மேல் கோடரி. குற்றியில் தக்காளிச் சாறு நிறத்தில் தாராளமாகப் பெயின்ற். அது தலை வெட்டுகிற அறை. டொக்டர் அங்கிள் அதற்குள் கும்பிட்டு முடித்திருந்தார்.

அண்ணை அசரவில்லை. "கும்பிட்டது கும்பிட்டதுதான். செத்தவைக்குப் போய்ச் சேரட்டும்" என்றார்.

வெளியே ஒரே அமளி. யாருடைய சப்பாத்து யாருடையது என்று தெரியவில்லை. டொக்டர் அன்ரி குளிருது என்று சால்வை எடுக்கப் பஸ்ஸுக்குப் போனார். நான் குனிந்து என் சப்பாத்தைத் தேடினேன். நிமிர்ந்தபோது நந்தன் பக்கத்தில் இல்லை.

"இஞ்சருங்கோ, பிள்ளை எங்கை?"

"உம்மோடையெல்லோ நிண்டவன்?"

மற்றப் பிள்ளைகள் காணாமல் போனால் அம்மா என்று கத்துவார்கள். யாராவது பெயர் கேட்டால் சொல்வார்கள். இவன் அழுதால்கூடச் சத்தம் வராது. நான் பார்த்த திசையெல்லாம் அந்தப் பச்சைத் தண்ணீர்தான் தெரிந்தது. வெறுங்காலோடு பாலத்துக்கு ஓடினேன். "நந்தன்! கம் ஹியர், டார்லிங்! வேர் ஆர் யூ, டார்லிங்?" அந்த நேரத்திலும் சிஸ்டர் சொன்னபடிதான் கத்தினேன்.

அண்ணை ஒரு காலில் மட்டும் சப்பாத்தோடு ஓடி வந்தார். "நந்தன் தம்பி! எங்கையடா ராசா?" என்று கூப்பிட்டார். ஒலிபெருக்கி இல்லாமல் அவர் தூரத்துக்குக் கூப்பிடுவதை முதல் முறையாகக் கேட்டேன். கம்மிய, மெல்லிய குரல். அகழியின் மறுகரைக்குக்கூடப் போய்ச் சேரவில்லை. என்னை ஒருமுறை பார்த்தார். தண்ணீரை ஒருமுறை பார்த்தார். பிறகு, கோடு போட்ட நல்ல காற்சட்டையோடு அகழிக்குள் இறங்கிவிட்டார். இடுப்பளவு தண்ணீரில், பாசிக்குள் இரண்டு கைகளையும் விட்டுத் துழாவிக்கொண்டு நடந்தார். நான் பாலத்துக் கம்பியைப் பிடித்துக்கொண்டு, அவருடைய கையில் எதுவும் தட்டுப்படக் கூடாது என்று எல்லாத் தெய்வங்களையும் கூப்பிட்டேன்.

அப்போது கோட்டைச் சுவருக்கு அப்பாலிருந்து ஊரே அதிர ஒரு குரல் வந்தது.

"எல்லாரும் இறங்குங்கோ! படி கவனம்!"

குதிரைகள் கனைத்தன. கவசம் போட்டவரின் வாயிலிருந்து சிகரெட் விழுந்தது. அகழிக்குள் நின்ற அண்ணை திடுக்கிட்டுத் தன் வாயைப் பொத்திக்கொண்டு என்னை அண்ணாந்து பார்த்தார்.

"நானில்லைப் பிள்ளை!" என்றார்.

கீச்சென்ற குரல். ஆனால் ஏற்ற இறக்கம், இழுவை, 'கவனம்' என்பதில் வருகிற அந்த அழுத்தம் எல்லாம் அச்சு அவருடையவை. நான் ஓடினேன். டொக்டர் அன்ரியின் பின்னால் போனவன், அன்ரி கதவைத் திறந்து விட்டுவிட்டுச் சால்வையோடு திரும்பியதும் உள்ளே ஏறியிருக்கிறான். சாரதி சீட்டில் ஸ்வெற்றரைத் தள்ளிவிட்டு உட்கார்ந்து, ஒலிபெருக்கியின் பின்பக்கத்தை வாயோடு வைத்திருந்தான். நான் பஸ்ஸில் ஏறக் காலை வைத்ததும் மிகப் பொறுப்பாக என்னைப் பார்த்தான்.

"படி கவனம்" என்றான், எனக்கு மட்டும்.

"ஓம் ராசா. ஓம் என்ரை குஞ்சு. கவனமா வாறன். அம்மா கவனமா வாறன்." என் வாயிலிருந்து அத்தனை மாதமும் அடக்கி வைத்திருந்தது எல்லாம் கொட்டியது. அந்தப் படியிலேயே உட்கார்ந்து அழுதேன்.

திரும்பும் வழியில் அண்ணை டொக்டர் அன்ரியின் சால்வையை வேட்டிபோலக் கட்டிக்கொண்டு, பாசி மணக்க மணக்க, ஒரு வார்த்தை பேசாமல் ஓட்டினார். ஒலிபெருக்கி நந்தனின் மடியில். ஆட்டைக் கண்டாலும் மாட்டைக் கண்டாலும் அவன் இறங்கச் சொன்னான். சொன்ன இடமெல்லாம் அண்ணை பஸ்ஸை நிறுத்தினார். டொக்டர் அங்கிள் உட்பட எல்லாரும் இறங்கி ஏறினோம். வீடு வந்து சேர நன்றாக இருட்டிவிட்டது.

செவ்வாய்க்கிழமை பெரிய டொக்டர் காதைப் பார்த்தார், தொண்டையைப் பார்த்தார். மேசையிலிருந்து இறக்கிவிட்டபோது நந்தன் அவரையும் படி கவனம் என்று எச்சரித்தான். என்ன சொல்கிறான் என்று கேட்டார். சொன்னேன். எந்த மொழி என்று கேட்டார். தயங்கித் தயங்கி அதையும் சொன்னேன். இவன் எந்த மொழியில் பதில் சொல்கிறானோ அதிலேயே பேசுங்கள், ஆங்கிலத்தைப் பள்ளிக்கூடம் பார்த்துக்கொள்ளும் என்றார். இதை அந்தச் சிஸ்டருக்கு அவர் மனம் நோகாமல் எப்படிச் சொல்வது என்று இன்னும் யோசித்துக்கொண்டிருக்கிறேன்.

அண்ணை போன வருடம் சிட்னிக்குப் போய்விட்டார். டூங்கபியில் இருக்கிறாராம். அங்கேயும் மலைக்கு அந்தப் பக்கம் ஏதோ மத்தியகாலத்தைக் கண்டுபிடித்துவிட்டாராம். கேள்விப்பட்டதும் சிட்னித் தமிழர்களை நினைத்துப் பரிதாபப்பட்டேன்.

நந்தன் இப்போது பள்ளிக்கூடம் போகிறான். வாய் ஓய்வதில்லை. போன வாரம் அவனுடைய டீச்சர் என்னைக் கூப்பிட்டு அனுப்பினார். இந்த நாட்டில் பதினாலாம் நூற்றாண்டுத் தபால் கந்தோர் ஒன்று இருக்கிறது என்று வகுப்பில் அடித்துப் பேசுகிறானாம், இல்லை என்று எவ்வளவு சொல்லியும் கேட்கிறான் இல்லையாம். நீங்கள் வரலாறு படித்தவர் என்று அறிந்தேன், நீங்களே அவனுக்குச் சொல்லுங்கள் என்றார்.

நந்தன் என் கையைப் பிடித்து இழுத்தான். "டெல் ஹர், அம்மா!"

நான் வரலாற்றையெல்லாம் நெஞ்சில் வரிசைப்படுத்திக்கொண்டு வாயைத் திறந்தேன்.

"அது கண்ணால் கண்டவர் சொன்னது, டீச்சர்" என்றேன்.

"யார் அவர்?"

"இவனுடைய மாமா" என்றேன்.